சாட்சிக் கூண்டில் ஒரு கமரா: சேகர் தத்தாத்ரியின் காட்டுப் படங்கள்

அம்பாறைப் பக்கத்து வயலில் கண்ணாடி விரியன் கடித்த ஒருவரை ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனால், அங்கே அவருக்கு ஏற்றப்படும் மருந்து இந்தியாவிலிருந்து வந்தது. அந்த மருந்து குதிரையின் இரத்தத்திலிருந்து செய்யப்படுகிறது. குதிரைக்குச் சிறுகச் சிறுக ஏற்றிய நஞ்சில் பெரும்பகுதி, மகாபலிபுரத்துக்குப் பக்கத்தில் உள்ள வடநெம்மேலி என்னும் கிராமத்தில் இருளர் என்ற பழங்குடி மக்களின் கையால் எடுக்கப்பட்டது. நம்மட வயலுக்கும் அவர்களது கைக்கும் இப்படியொரு உறவு இருப்பது, ஒரு விவரணப் படத்தைப் பார்த்து அதன் பின்னணியைத் தேடிப் படித்த பிறகுதான் எனக்குத் தெரிய வந்தது. பாம்பு பிடிப்போரின் கூட்டுறவுச் சங்கத்தைப் பற்றி 1987இல் வந்த படம் அது. எடுத்தவர்களில் ஒருவர் சேகர் தத்தாத்ரி, சென்னைக்காரர். அவரது பிற்காலத்துப் படங்கள் பெரிய பெயர் பெற்றன. இந்தப் பழைய படத்தைப் பற்றிப் பேசுவோர் குறைவு. எனக்கோ அவரது படங்களை அளக்கும் கோலாக இதுவே அமைந்துவிட்டது.

படத்தின் பின்னால் உள்ள கதை இதுதான். இருளர் தலைமுறை தலைமுறையாகப் பாம்பு பிடித்தவர்கள். தோலுக்காகப் பிடித்தார்கள், அந்தத் தோல் கைப்பையாகவும் சப்பாத்தாகவும் மேற்கு நாடுகளுக்குப் போனது. 1972இல் இந்தியாவின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. 1970களின் நடுப்பகுதியில் பாம்புத்தோல் ஏற்றுமதியும் நின்றது. சட்டம் பாம்பைக் காப்பாற்றியது, இருளரின் அடுப்பை அணைத்துவிட்டது. அப்போது றொமுலஸ் விட்டேக்கர் என்ற பாம்பியல் அறிஞரும் இருளரும் சேர்ந்து 1978இல் ஒரு கூட்டுறவுச் சங்கத்தை அமைத்தார்கள். நாகம், கட்டு விரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் என்ற நான்கு இனப் பாம்புகளைப் பிடித்து வந்து மண்பானைகளில் வைப்பார்கள். சில வாரங்களுக்குள் சில தடவை நஞ்செடுப்பார்கள். பிறகு வயிற்றுச் செதிலில் அடையாளமிட்டுக் காட்டிலேயே விட்டுவிடுவார்கள். அதே பாம்பு, அதே கை, அதே அறிவு. கொல்வதற்குப் பயன்பட்ட அறிவு உயிர் காப்பதற்குத் திரும்பியது, அவ்வளவுதான் மாற்றம்.

காட்டு விலங்குப் படம் என்றால் மனிதன் ஒன்றில் வேட்டைக்காரனாக வருவான், அல்லது தொப்பி போட்ட விஞ்ஞானியாக வருவான் என்று பழகிப்போன கண் நமது. அந்தக் கண்ணுக்கு முன்னால் கோவணமும் கடப்பாரையுமாக வரும் ஒருவர், மண்ணில் கிடக்கும் ஒரு சிறு தடத்தைப் பார்த்து எந்தப் பாம்பு எந்தப் பக்கம் போனது என்று சொல்லும் அறிஞராக நிற்கிறார். 2023இல் இருளர் இருவர், வடிவேல் கோபாலும் மாசி சடையனும், பத்மஸ்ரீ விருது பெற்றார்கள். அரசாங்கம் அங்கே வந்து சேர 36 வருடங்களுக்கு முன்பே இந்தப் படம் அங்கே போய் நின்றுவிட்டது.

தத்தாத்ரி இந்த இடத்துக்கு வந்த வழியையும் கொஞ்சம் சொல்ல வேண்டும். பதின்மூன்று வயதில் சென்னைப் பாம்புப் பண்ணைக்குத் தொண்டராகப் போனவர் அவர். சினிமாக் கல்லூரி எதிலும் படிக்கவில்லை. 1980களின் நடுப்பகுதியில் ஜோன் றைபர், லூயிஸ் றைபர் என்ற அமெரிக்கத் தம்பதியர் பாம்புக்கடி பற்றிப் படமெடுக்கச் சென்னைக்கு வந்தார்கள். அவர்களோடு உதவிக்குச் சேர்ந்து, அருகில் நின்று பார்த்தே தொழிலைப் பிடித்துக்கொண்டார். ஓஸ்தாவிடம் எடுபிடியாக நின்று வேலை பழகும் நம்மவர்களின் முறைதான். அந்தக் காலத்தில் 16 மில்லிமீற்றர் பிலிம். 400 அடிச் சுருள் ஒன்று பதினொரு நிமிடம்தான் ஓடும். ஒரு குரங்கு கிளைமாறும் என்று நம்பி விசையை அழுத்தினால் காசு ஓடத் தொடங்கிவிடும். இன்றைக்குக் கைத்தொலைபேசியில் மணிக்கணக்காகப் பிடிக்கிற நமக்கு அந்தப் பொறுமை விளங்காது. எப்போது அழுத்துவது என்பதைவிட எப்போது அழுத்தாமல் இருப்பது என்பதே அங்கே கலை.

இந்தப் பொறுமையின் பயன் 1991இல் வந்த சைலன்ட் வேலி படம். கேரளத்தின் பாலக்காட்டு மலைகளில் குந்திப்புழை ஆறு பாயும் மழைக்காட்டைப் பற்றியது. ஆண்டுக்கணக்கில் தங்கி எடுத்தது. சிங்கவால் குரங்குகளும் மழையும்தான் நாயகர்கள். பரிசுகள் பெற்றது, வெளிநாடுகளிலும் பேசப்பட்டது. அழகான படம், அதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் ஒரு விடயத்தைக் கவனிக்க வேண்டும். இந்தப் படம் வந்தபோது காடு ஏற்கெனவே காப்பாற்றப்பட்டுவிட்டது. 1970களில் அங்கே ஓர் அணை கட்டத் திட்டமிட்டார்கள். அதை எதிர்த்து நின்றது கேரள சாஸ்திர சாகித்திய பரிஷத்தின் பள்ளிக்கூட ஆசிரியர்கள். சுகதகுமாரி போன்ற மலையாளக் கவிஞர்கள். பம்பாயின் முஸ்லிம் குடும்பமொன்றில் பிறந்து உலகப் புகழ் பெற்ற பறவையியலாளரான சலீம் அலி. 1983இல் அணைத் திட்டம் கைவிடப்பட்டது, 1984இல் காடு தேசியப் பூங்காவானது. ஆக, துண்டுப் பிரசுரமும் கவியரங்கமும் வென்ற வழக்கு அது. கமரா பின்னால் வந்து வென்ற நிலத்தைப் படம்பிடித்தது. கவிதையால் என்ன ஆகும் என்று கேட்கும் நம்மட ஆட்களுக்கு இந்தத் திகதிகளை ஒருதரம் வரிசையாகச் சொல்லிக் காட்ட வேண்டும்.

இந்த உண்மை தத்தாத்ரியையும் உறுத்தியிருக்க வேண்டும் என்றே நினைக்கிறேன். 1990களில் அவர் டிஸ்கவரி, நஷனல் ஜியோகிரபிக், பிபிசி என்ற பெரிய நிறுவனங்களுக்கு வேலை செய்தார். கர்நாடகத்தின் நாகரஹொளெ காட்டைப் பற்றிய படம் 1997இல் வந்தது. அந்தத் துறையில் ஒரு இந்தியர் எட்டக்கூடிய உச்சத்துக்குப் பக்கத்தில் நின்றார் எனலாம். பிறகு, 2000 அளவில், அதை விட்டு விலகினார். தொலைக்காட்சிப் படங்களை உலகமே பார்க்கிறது, ஆனால் படத்தில் காட்டிய காடு அழிந்துகொண்டேதான் இருக்கிறது என்பது அவர் பல இடங்களில் சொன்ன காரணம். சொல்வது இலேசு. மாதச் சம்பளமாகவோ ஒப்பந்தமாகவோ வருகிற டொலரை விட்டுவிட்டு, 12 நிமிடப் படம், 40 நிமிடப் படம் என்று யார் வாங்குவார் என்று தெரியாத படங்களை எடுக்கப் போவது இலேசல்ல. இங்கேதான் 'சுயாதீன' என்ற அடைமொழிக்கு அர்த்தம் வருகிறது. நம்மிடையே அந்தச் சொல்லை வாய்ப்புக் கிடைக்காதவர்களுக்குச் சூட்டுகிறோம். தத்தாத்ரி கிடைத்த வாய்ப்பை வேண்டாம் என்று வைத்தவர்.

அந்த விலகலின் முதற் கனி குதிரேமுக் பற்றிய 'மைன்ட்லெஸ் மைனிங்', 2001. புத்தி கெட்ட சுரங்கம் என்று நேராகவே சொல்கிற தலைப்பு. குதிரேமுக் என்றால் கன்னடத்தில் குதிரை முகம். மேற்கு மலைத்தொடரில் அந்த உருவில் தெரிகிற ஒரு சிகரம். அந்த மலைகளில்தான் துங்கா, பத்ரா, நேத்ராவதி என்ற மூன்று ஆறுகள் பிறக்கின்றன. அங்கே இரும்புத் தாது எடுக்கும் அரச நிறுவனமொன்று 1970களில் தொடங்கப்பட்டது. ஒரு சுவாரசியமான விடயம்: ஈரானின் ஷா மன்னரோடு செய்த ஒப்பந்தத்தின் பேரில், ஈரானிய உருக்காலைகளுக்காகத் தொடங்கிய சுரங்கம் அது. 1979இல் புரட்சி வந்து ஷா போனார், ஈரான் விலகியது, சுரங்கம் மட்டும் நின்றுவிட்டது. யாரோ ஒரு மன்னரின் கனவுக்காகத் தோண்டத் தொடங்கிய மலையை, அந்த மன்னர் மண்ணுக்குள் போன பிறகும் இருபது வருடத்துக்கு மேலாகத் தோண்டினார்கள். 1987இல் சுற்றியுள்ள காடு தேசியப் பூங்காவாயிற்று. 1999இல் முப்பது வருடக் குத்தகை முடிந்தது. அப்போதும் தோண்டுவது நிற்கவில்லை.

படம் சொல்வதெல்லாம் இதுதான்: மலை உரிக்கப்பட்டிருக்கிறது, ஆற்றில் மண் ஓடுகிறது. அதில் நாயக விலங்கு கிடையாது, குட்டி போடும் காட்சி கிடையாது, துரத்திப் பிடிக்கும் காட்சியும் கிடையாது. தொலைக்காட்சியில் பயின்ற எல்லாக் கவர்ச்சியையும் அவர் வாசலில் கழற்றி வைத்துவிட்டே உள்ளே வந்திருக்கிறார். கோடிக் கணக்கானோருக்குச் சொன்ன ஒருவர், இங்கே முடிவெடுக்கக் கூடிய சிலருக்கு மட்டும் பேசுகிறார். வைல்ட்லைஃப் ஃபெர்ஸ்ட் என்ற அமைப்பு தொடுத்த வழக்கில் 2002இல் இந்திய உயர்நீதிமன்றம், அதாவது அவர்கள் சொல்லும் உச்ச நீதிமன்றம், சுரங்கத்தை மூடும்படி தீர்ப்பளித்தது. 2005 முடிவோடு தோண்டல் நின்றது. படத்தால்தான் நின்றது என்று சொல்வது படத்துக்கும் நல்லதல்ல, வழக்குக்காக வருடக்கணக்கில் அலைந்தவர்களுக்கும் நியாயமல்ல. ஒரு வழக்கில் ஒரு சாட்சிக்கு என்ன இடமோ அந்த இடம் படத்துக்கு உண்டு.

சாட்சி என்ற சொல்லை யோசித்துத்தான் எழுதுகிறேன். கி.பி. 10ஆம் நூற்றாண்டில் பஸ்றாவில் இக்வானுஸ் ஸஃபா என்ற அறிஞர் குழு எழுதிய நிருபங்களில் ஒன்று, விலங்குகள் மனிதனுக்கு எதிராக ஜின்களின் அரசனிடம் வழக்குத் தொடுக்கும் கதை. சுமை சுமந்த கழுதையும் கிளியும் தமது வாயாலேயே முறையிடுகின்றன. கடைசியில் தீர்ப்பு மனிதன் பக்கம்தான் போகிறது, ஆனால் அங்கே வந்து சேர்வதற்குள் மனிதன் தலைகுனிய நேர்கிறது. குதிரேமுக் படத்தைப் பார்த்தபோது எனக்கு அந்த நிருபம்தான் ஞாபகம் வந்தது. ஆயிரம் வருடத்துக்கு முன்பு நம் மூதாதையர் விலங்குக்கு வாய் கொடுத்து நீதிமன்றத்தில் நிறுத்தினார்கள். இங்கே மலைக்குக் கண் கொடுத்து நிறுத்தியிருக்கிறார்கள்.

ஆனால் எந்தச் சாட்சியும் தான் கண்டதை மட்டுமே சொல்லும். குதிரேமுக் பூங்காவின் எல்லைக்குள் மலைக்குடியர் என்ற பழங்குடி மக்களும் சிறு விவசாயிகளும் இருந்தார்கள். சுரங்கத்துக்கு எதிரான நியாயம் வேறு, பூங்கா என்ற பெயரில் தாங்களும் வெளியேற்றப்படுவோமோ என்ற அவர்களது பயம் வேறு. அந்தப் பயத்தைப் பற்றிக்கொண்டுதான் 2000களின் தொடக்கத்தில் அந்த மலைகளில் ஆயுதக் குழுக்கள் காலூன்றப் பார்த்தன. ஒரு வழக்கை வெல்வதற்காக எடுத்த 12 நிமிடப் படத்தில் இதையெல்லாம் எதிர்பார்ப்பது நியாயமா என்று கேட்கலாம். நியாயமில்லைதான். என்றாலும் இருளரைப் பற்றிப் படமெடுத்தவர் என்பதால் எதிர்பார்க்கத் தோன்றுகிறது.

ஆமைப் படத்தைப் பற்றி இரண்டு வார்த்தை. ஒடிசாக் கரையில் கூட்டங்கூட்டமாக முட்டையிட வரும் கடலாமைகளைப் பற்றி 2003 அளவில் எடுத்தது. ஒரே கரையில் சில நாட்களுக்குள் இலட்சக் கணக்கில் ஏறக்கூடியவை அவை. மன்னார்க் கரையில் நம்மட ஆட்கள் 'ரோலர்' என்று சொல்லும் இழுவைப் படகுகளின் வலையில் சிக்கி, மேலே வந்து மூச்சு விட முடியாமல் மூழ்கிச் சாகின்றன. கடலில் வாழும் ஒரு பிராணி கடலில் மூழ்கிச் சாவது என்ற அந்த முரணைப் படம் நன்றாக மனதில் பதிய வைக்கிறது. ஆமை தப்பிப் போக வலையில் ஒரு கதவு வைக்கலாம், அது சட்டத்திலும் இருக்கிறது, வைப்பவர்தான் இல்லை. ரோலரால் வலை கிழிந்து நிற்கும் மன்னார் மீனவர் ஒருவர் இந்தப் படத்தைப் பார்த்தால் ஆமையோடு தன்னையும் சேர்த்துக்கொள்வார். விமர்சகனுக்குக் கிடைக்காத வாசிப்பு அது.

இனி நான் தயங்கித் தயங்கி வரும் இடம். 2010இல் வந்த 'ட்ரூத் எபவுட் டைகர்ஸ்', புலிகளைப் பற்றிய உண்மை. ராஜஸ்தானின் சரிஸ்கா காட்டில் ஒரு புலியும் மிச்சமில்லை என்ற செய்தி 2005இல் வந்து இந்தியாவை உலுக்கியது. அடுத்து வந்த கணக்கெடுப்பில் நாடு முழுவதற்கும் 1,411 என்றார்கள். அந்தப் பதற்றத்தில் பிறந்த படம். இறுவட்டாக இலவசமாகவே பரப்பினார். பாடமாகப் பார்த்தால் இதைவிடத் தெளிவான படம் கிடைப்பது கஷ்டம். புலி எதைத் தின்கிறது, எவ்வளவு நிலம் வேண்டும், எப்படி வேட்டையாடப்படுகிறது, நீங்கள் என்ன செய்யலாம் என்று படிப்படியாகச் சொல்லும். புலிக்கு மனித இடையூறில்லாத காடு வேண்டும் என்பதில் தத்தாத்ரி உறுதியானவர். அறிவியல் ரீதியாக அதை மறுக்க நான் ஆளில்லை.

ஆனால் 'மனித இடையூறு' என்ற சொல்லைக் கேட்டவுடன் என் உடம்பு ஒருதரம் விறைக்கிறது. அதற்குக் காரணம் புலியல்ல, முசலி. 1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து விரட்டப்பட்ட முஸ்லிம்கள், இருபது வருடம் புத்தளத்து அகதி முகாம்களில் கிடந்துவிட்டு மறிச்சுக்கட்டி, கரடிக்குளி, பாலைக்குளி என்று தமது ஊர்களுக்குத் திரும்பியபோது வளவுகளில் காடு வளர்ந்திருந்தது. 2012இல் அந்தப் பகுதியின் பெரும் நிலப்பரப்பு வன ஒதுக்கமாக வர்த்தமானியில் வந்தது. 2015இல் வில்பத்துவை முஸ்லிம்கள் அழிக்கிறார்கள் என்று நாடே கூச்சலிட்டது. வெட்டிய மரம், சிவந்த மண், புதிய தகரக் கூரை என்று படம் படமாகப் போட்டார்கள். படத்தில் பொய்யில்லை, மரம் வெட்டப்பட்டிருந்தது. அந்த மரத்துக்குக் கீழே ஒரு கிணறும் ஒரு பள்ளிவாசல் அத்திவாரமும் இருந்ததை அந்தப் படங்கள் காட்டவில்லை. வெட்டியதெல்லாம் சரி என்று வாதாட நான் வரவில்லை. கல்லாறு விடயத்தில் மீண்டும் மரம் நடும்படி 2020 நவம்பரில் மேன்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்ததும் தெரியும். நான் சொல்ல வருவது கமராவைப் பற்றி மட்டுமே. காட்டைக் காட்டும் கமரா, காட்டுக்கு முன்னால் அங்கே யார் இருந்தார் என்று கேட்காவிட்டால், அது உண்மையைச் சொல்லிக்கொண்டே ஒரு சனத்தைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றிவிடும்.

இதற்கு நம்மிடமே ஒரு அளவுகோல் இருக்கிறது. ஹிமா என்பது இஸ்லாமிய வரலாற்றில் ஒதுக்கிப் பாதுகாக்கப்பட்ட மேய்ச்சல் நிலம். கலீபா உமர் (ரழி) தம் ஊழியர் ஹுனை என்பவரை ஒரு ஹிமாவுக்குப் பொறுப்பாக வைத்தபோது சொன்ன அறிவுரை ஸஹீஹுல் புஹாரியில் பதிவாகியிருக்கிறது. நாலு ஒட்டகமோ நாலு ஆடோ வைத்திருக்கும் ஏழையை உள்ளே விடு. பெரும் மந்தைக்காரர்களான இப்னு அவ்ஃபையும் இப்னு அஃப்பானையும் பார்த்துக்கொள் என்பதே அதன் கருத்து. அவர்களது மந்தை அழிந்தால் அவர்களுக்குத் தோட்டந்துரவு இருக்கிறது, ஏழையின் ஆடு செத்தால் அவன் பிள்ளைகளோடு என் வாசலுக்குத்தான் வருவான் என்று காரணமும் சொன்னார். நபித்தோழர்களில் மிக மதிக்கப்பட்ட இருவரின் பெயரைச் சொல்லியே தடுத்த நிர்வாகம் அது. நிலத்தைக் காப்பதும் ஏழையைக் காப்பதும் ஒரே கட்டளைக்குள் வருகின்றன. காட்டுப் படம் எதையும் நான் இந்தக் கட்டளையை வைத்துத்தான் பார்க்கிறேன். குதிரேமுக் படம் பெரும் மந்தைக்காரனைத் தடுத்தது. அதில் முழு மதிப்பெண். புலிப் படம் இரண்டு பேரையும் 'மனிதர்' என்ற ஒரே சொல்லில் போடுகிற பக்கம் சாய்கிறது. என் குறை அதுதான்.

இந்தக் குறைக்கு அவரே பதில் சொன்னது போல 2013இல் ஒரு படம் வந்தது. அமூர் வல்லூறு என்ற சின்னப் பறவையைக் காப்பாற்ற நடந்த ஓட்டத்தைப் பற்றியது. கை நிறையப் பிடித்தால் அடங்கிவிடும் அளவான வல்லூறு. சைபீரியாவுக்கும் வடசீனாவுக்கும் இடையில் குஞ்சு பொரித்து, ஒக்டோபர் அளவில் நாகலாந்து வந்து இளைப்பாறி, ஈசலும் கறையானும் தின்று கொழுத்து, இந்தியாவைக் கடந்து அரபிக் கடலுக்கு மேலால் நிற்காமல் பறந்து சோமாலியா போய், அங்கிருந்து தென்னாபிரிக்கா வரை போகும். நாகலாந்தின் டோயாங் நீர்த்தேக்கத்துக்குப் பக்கத்தில் உள்ள பங்தி முதலான கிராமங்களில் மீன் வலையை மரங்களுக்கிடையே கட்டி இவற்றைப் பிடித்தார்கள். 2012இல் பானோ ஹராலு என்ற ஊடகவியலாளரும் ராம்கி ஸ்ரீனிவாசன் முதலானோரும் அதைக் கண்டு வெளியே கொண்டு வந்தார்கள். ஒரு பருவத்தில் 1,20,000 முதல் 1,40,000 வரை பிடிபட்டதாக அவர்கள் மதிப்பிட்டார்கள். அடுத்த வருடம், 2013இல், அங்கே ஒரு பறவைக்கும் வலை போடவில்லை.

ஒரே வருடத்தில் இது எப்படி நடந்தது என்பதே படம். பொலிஸால் மட்டும் நடக்கவில்லை. கிராமசபைகள் கூடித் தீர்மானம் போட்டன, பிடிப்பவருக்குத் தண்டம் வைத்தன. தேவாலயங்களில் போதகர்கள் இதைப் பிரசங்கமாகச் சொன்னார்கள். பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடங்களில் சொல்லிக்கொடுத்தார்கள். நேற்று வலை கட்டியவர்கள் இன்று காவல் நின்றார்கள். மூன்று பறவைகளுக்குச் செய்மதிக் கருவி பொருத்தி, நாகா, வோக்கா, பங்தி என்று தமது இனத்தினதும் மாவட்டத்தினதும் ஊரினதும் பெயரை வைத்தார்கள். தன் ஊரின் பெயரோடு ஒரு பறவை ஆபிரிக்காவுக்குப் போய் மறு வருடம் திரும்புகிறதா என்று காத்திருக்கிற ஒருவன் அதை எப்படிப் பிடித்துத் தின்பான்? இருளர் படத்தில் பார்த்த அதே விடயம்தான் இங்கும். அறிவுள்ளவர்கள் உள்ளூர்க்காரர்கள், தீர்மானிப்பவர்களும் அவர்களே. வெளியிலிருந்து வந்தவர்கள் கூட நின்றவர்கள். எனக்கு ஒரு மனக்குறை உண்டு. டோயாங் அணை கட்டியபோது அந்த மக்களின் விளைநிலம் தண்ணீருக்குள் போனது. மீன்பிடியும் பறவை பிடிப்பும் அதற்குப் பிறகு வந்த பிழைப்பு. பறவையை விட்டுக்கொடுத்தவர்களுக்கு உலகம் எதைக் கொடுத்தது என்ற கேள்வி பாராட்டுக் கைதட்டலுக்குள் அமுங்கிப் போகக் கூடாது.

தமிழ் இலக்கிய உலகம் இந்த மனிதரைப் பற்றிப் போதுமான அளவு பேசவில்லை. 'பத்மாவதி சரித்திரம்' எழுதிய அ. மாதவையாவின் மகன் மா. கிருஷ்ணன் சென்னையிலிருந்துதான் காட்டுயிர் பற்றி வாழ்நாளெல்லாம் எழுதினார். சினிமாவையும் சூழலியலையும் இரண்டு கண்ணாக வைத்து எழுதியவர் சு. தியடோர் பாஸ்கரன். அந்த ஊரின் மூன்றாவது கண் தத்தாத்ரியின் கமரா என்று சொன்னால் மிகையாகாது. அவரது படங்களின் விவரணை பெரும்பாலும் ஆங்கிலமாக இருப்பது ஒரு காரணமாயிருக்கலாம். விவரணப் படத்தை நாம் இலக்கியமாக எண்ணாததும் இன்னொரு காரணம்.

போன வருடம் எங்கட ஊர் வாசிகசாலையில் அந்த வல்லூறுப் படத்தைப் போட்டோம். இருபது பேர் இருக்கும், பாதி பொடியன்மார். வலையிலிருந்து பறவைகளைப் பிடுங்கிக் கோர்க்கிற காட்சி வந்தபோது ஒருத்தரும் அசையவில்லை. முடிந்ததும் பின்னால் இருந்த வயதான ஒரு காக்கா எழும்பினார். "தம்பி, இது பாதிரிமார் சொல்லக் கேட்ட சனம். நம்மட குளத்துக்கு வாற கொக்குக்கும் தாராவுக்கும் வலை போடுறதப் பத்தி நம்மட பள்ளியில எப்ப ஒரு குத்பா கேட்ட நீங்க?" எண்டார். பக்கத்திலிருந்த இளம் மௌலவி ஒருவர், மறுமையில் காரணமின்றிக் கொல்லப்பட்ட குருவி முறையிடும் என்ற ஹதீஸ் இருக்கிறதே, சொல்லாமலா இருக்கிறோம் என்று மறுத்தார். "சொல்றீங்க, ஆனா நம்மட குளத்தின்ர பேரச் சொல்லிச் சொல்றீங்களா?" எண்டு அவர் விடவில்லை. பேச்சு இஷாத் தொழுகை வரை இழுபட்டது. படத்தின் ஒளியைப் பற்றியோ படத்தொகுப்பைப் பற்றியோ ஒருத்தரும் பேசவில்லை.

அடுத்த மாதம் பாம்புப் படத்தைப் போடச் சொல்லி வயற்காரர் இரண்டு பேர் கேட்டிருக்கிறார்கள். ஒருவருக்கு ஏற்கெனவே விரியன் கடித்து, ஆறு நாள் ஆஸ்பத்திரியில் கிடந்தவர். என்னிடமுள்ள பிரதி ஆங்கிலத்தில் இருப்பதால், பக்கத்தில் நின்று நானே தமிழில் சொல்ல வேண்டும்.